மேக்ரோவில் மிச்சமிருக்கும் ஒரு வரி

போன வாரம் அலுவலகத்தில் புதுக் கணினி தந்தார்கள். பழையதிலிருந்து எதை எடுத்துக்கொள்வது, எதை விடுவது என்று துழாவிக்கொண்டிருந்தபோது 2003-ல் நான் எழுதிய ஒரு வேர்ட் மேக்ரோ, அதாவது வேர்டுக்குள் ஓடும் சின்ன நிரல், அகப்பட்டது. மொத்தம் 41 வரி. திறந்து பார்த்தால் 40 வரிகளுக்கு முன்னால் ஒற்றை மேற்கோள் குறி நிற்கிறது. அந்தக் குறியைப் போட்டுவிட்டால் கணினி அந்த வரியைப் படிக்காமல் தாண்டிப் போய்விடும். அத்தனை வரிகளின் வாயையும் ஒவ்வொன்றாக அடைத்தது நான்தான். பக்கத்திலேயே தேதியும் குறித்து வைத்திருக்கிறேன்.

நான் காப்பி எடிட்டர். வெளிநாட்டு ஆய்விதழ்களுக்குப் போகும் கட்டுரைகளை, அச்சுக்கு முன்னால் சென்னையில் உட்கார்ந்து சரிபார்க்கிற வேலை. எங்கோ ஒரு நாட்டில் ஓர் இதயநோய் மருத்துவர் படிக்கும் கட்டுரையின் காற்புள்ளி, காலையில் தாம்பரத்தில் மின்சார ரயில் ஏறிய ஒருவர் போட்டதாக இருக்கலாம். இந்த ஊரில் இதைச் செய்து சோறு தின்பவர்கள் நிறையப் பேர் இருக்கிறோம். வீட்டில் கேட்டால் 'கம்ப்யூட்டர் வேலை' என்று சொல்லி வைப்போம். விளக்க ஆரம்பித்தால் "இங்கிலீஷ்காரன் எழுதின இங்கிலீஷையா நீ திருத்தற?" என்று கேட்பார்கள். ஆமாம், அதைத்தான்.

மேக்ரோவின் வேலை எளிது. கட்டுரைக்குள் போய், நான் தவறு என்று பட்டியலிட்ட சொற்களைத் தேடும். சிலவற்றைத் தானே மாற்றும், சிலவற்றுக்கு மஞ்சள் அடிக்கும். 'ஈ-மெயில்' என்பதற்கு நடுவில் சிறுகோடு இல்லையென்றால் போடும். 'இன்டர்நெட்' சின்ன எழுத்தில் தொடங்கினால் பெரிதாக்கும். 'டேட்டா இஸ்' என்றால் 'டேட்டா ஆர்' ஆக்கும். 'ஹோப்ஃபுலி' கண்டால் மஞ்சள். 'டு' என்பதற்கும் வினைச்சொல்லுக்கும் நடுவே ஏதாவது நுழைந்திருந்தால் மஞ்சள். ஒற்றை ஆளைக் குறித்து 'தே' என்று எழுதியிருக்குமோ என்று சந்தேகம் வந்தால் அடர்ந்த மஞ்சள். ஓடி முடித்த பிறகு பக்கம் மஞ்சள் நீராட்டு விழா மாதிரி இருக்கும். பார்க்கவே பெருமையாக இருக்கும்.

இந்தப் பெருமைக்கு விதை போட்டது பள்ளிக்கூடம். எங்கள் ஆங்கில வாத்தியார் ரென் அண்ட் மார்ட்டின் இலக்கணப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு 'ஷல்', 'வில்' நடத்தியது இன்னும் காதில் இருக்கிறது. 'ஐ', 'வி' வந்தால் எதிர்காலத்துக்கு 'ஷல்'. மற்றவர்களுக்கு 'வில்'. உறுதி, ஆணை என்றால் அப்படியே தலைகீழ். இதற்கு அவர் சொன்ன கதை பழசு, உங்கள் வாத்தியாரும் சொல்லியிருப்பார். ஆற்றில் விழுந்த ஒருவன் 'ஐ வில் ட்ரௌன், நோபடி ஷல் சேவ் மி' என்று கத்தினானாம். கரையில் நின்ற இலக்கணம் தெரிந்தவர்கள், 'நான் மூழ்கியே தீருவேன், எவனும் என்னைக் காப்பாற்றக் கூடாது' என்று அவன் கட்டளை போடுகிறான் என நினைத்துச் சும்மா நின்றார்களாம். அவன் செத்துப்போனான். நாங்கள் பயந்துபோய் மனப்பாடம் செய்தோம்.

இந்த விதியை முதலில் எழுதி வைத்தவர் யார் என்று வெகுகாலம் கழித்துத்தான் தெரிந்துகொண்டேன். ஜான் வாலிஸ் என்ற ஆக்ஸ்ஃபோர்டு கணிதப் பேராசிரியர். முடிவிலிக்கு, எட்டைப் படுக்க வைத்தாற்போல ஒரு குறி போடுகிறோமே, அதைக் கணிதத்துக்குத் தந்த அதே ஆள். 1653-ல் ஆங்கிலத்துக்கு ஓர் இலக்கணம் எழுதினார், லத்தீனில். ஆங்கிலேயருக்கு அது எதற்கு? ஆங்கிலம் கற்க விரும்பும் அயல்நாட்டாரை மனதில் வைத்து எழுதியது அது. அதாவது 'ஷல்-வில்' விதி பிறந்தபோதே வெளியூர்க்காரனுக்காகப் பிறந்தது. கடைசிவரை அதைக் கட்டிக்கொண்டு அழுததும் வெளியூர்க்காரர்களான நாம்தான். அமெரிக்கப் பேச்சில் 'ஷல்' அநேகமாகப் போய்விட்டது. இங்கிலாந்திலும் 'ஷல் வி?' என்று கேட்பதில்தான் உயிரோடு இருக்கிறது. என் மேக்ரோவிலும் அதற்கு ஒரு வரி இருந்தது. முதலில் செத்த வரி அதுதான், 2004.

இரண்டாவது வரி செத்த கதைதான் எனக்கு அவமானம்.

'விச்', 'தட்' இரண்டையும் எங்கே போடுவது என்பதில் ஒரு விதி உண்டு. காற்புள்ளி இல்லாமல், பெயரை வரையறுத்துச் சொல்லும் இடத்தில் 'தட்' வரவேண்டும். காற்புள்ளி போட்டு, கூடுதல் தகவலாகச் சொல்லும் இடத்தில் 'விச்'. எங்களுக்குப் பயிற்சியில் இதை வேதம் மாதிரி ஓதினார்கள். 2005 வாக்கில் ஒரு பிரிட்டிஷ் இதழுக்கு வந்த வரலாற்றுக் கட்டுரை என் கைக்கு வந்தது. எழுதியவர் வயதான பேராசிரியர். நான் மேக்ரோவை ஓட்டி, மஞ்சள் விழுந்த இடத்திலெல்லாம் 'விச்'சை எடுத்துவிட்டுத் 'தட்' போட்டேன். அறுபத்துச் சொச்சம் இடம். ப்ரூஃப் அவருக்குப் போய்த் திரும்பி வந்தது. அறுபத்துச் சொச்சம் இடத்திலும் ஓரத்தில் பேனாவால் 'ஸ்டெட்'. எங்கள் தொழிலில் அதற்கு 'பழையபடி இருக்கட்டும், கையை எடு' என்று அர்த்தம். கடைசிப் பக்கத்தில் ஒரு குறிப்பு. என் ஆங்கிலத்தை இவ்வளவு அக்கறையோடு அமெரிக்காவுக்கு அனுப்பி வைத்தவருக்கு நன்றி என்று எழுதியிருந்தார்.

அன்றைக்கு ப்ரூஃப் பிரிவில் ஒரு பெரியவர் இருந்தார். ஈய எழுத்து கோத்த காலத்திலிருந்து வேலை பார்த்தவர். அவரிடம் கொண்டுபோய்க் காட்டினேன். சிரித்தார். "தம்பி, சந்தேகம் வந்தா மாத்தாதே. சந்தேகமே வரலைன்னா இன்னும் ஜாக்கிரதையா இரு" என்றார். அப்புறம் அலமாரியிலிருந்து ஃபௌலரின் ஆங்கில வழக்கு அகராதியை எடுத்துத் தந்தார். 1926-ல் வந்த புத்தகம். 'விச்', 'தட்' இரண்டையும் இப்படிப் பங்கு பிரித்துக்கொண்டால் நன்றாயிருக்குமே என்று ஃபௌலர் அதில் ஆசைப்படுகிறார். நல்ல எழுத்தாளர்கள் எல்லோரும் இப்படித்தான் எழுதுகிறார்கள் என்று அவரே சொல்லவில்லை. ஓர் ஆசையை அமெரிக்கப் பதிப்பாளர்கள் சட்டமாக்கிவிட்டார்கள், பிரிட்டிஷ்காரர்கள் ஆசையாகவே விட்டுவிட்டார்கள். நடுவில் நான். காலையில் அமெரிக்க இதழ், அங்கே 'விச்' தவறு. மத்தியானம் சாப்பிட்டு வந்ததும் பிரிட்டிஷ் இதழ், அங்கே அதே 'விச்' சரி. தயிர்சாதம் தின்ற நேரத்தில் இலக்கணம் மாறிவிடும்.

இதே போல ஒரு குழப்பம் எழுத்துக்கூட்டலிலும் உண்டு. 'ஆர்கனைஸ்' என்பதை இசட் போட்டு எழுதினால் அமெரிக்கன், எஸ் போட்டு எழுதினால் பிரிட்டிஷ் என்று நம்மில் பலர் நினைக்கிறோம். ஆனால் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகப் பதிப்பகத்தின் வழக்கமே இசட்தான். இதைச் சொன்னால் புதிதாகச் சேரும் பிள்ளைகள் என்னைச் சந்தேகமாகப் பார்ப்பார்கள்.

அந்தச் சம்பவத்துக்குப் பிறகு எனக்கு ஒரு பழக்கம் வந்தது. மேக்ரோவில் ஒவ்வொரு விதிக்கும் பக்கத்தில், அது எப்போது, யாரால் விதியாயிற்று என்று தேடி எழுதத் தொடங்கினேன். வேலைக்கு உதவாத பழக்கம். ஆனால் பிடித்துக்கொண்டது.

தேடத் தேட, நான் 'ஆங்கில இலக்கணம்' என்று நினைத்ததில் பாதி, பதினேழு, பதினெட்டாம் நூற்றாண்டு ஆசாமிகளின் சொந்த விருப்பு வெறுப்பு என்று தெரிந்தது. வாக்கியம் 'டு', 'வித்' மாதிரி முன்னிடைச் சொல்லில் முடியக் கூடாது என்பது 1672-ல் கவிஞர் ட்ரைடன், பென் ஜான்சனைக் குறைசொல்லக் கிளப்பியது. அப்புறம் அவரே தன் பழைய உரைநடையை எடுத்து, அப்படி முடிந்த இடங்களையெல்லாம் திருத்தி மறுபதிப்புப் போட்டார். அசல் காப்பி எடிட்டர் புத்தி. தொண்ணூறு வருடம் கழித்து, 1762-ல், ராபர்ட் லோத் என்ற பாதிரியார் ஓர் இலக்கணம் எழுதினார். பின்னாளில் லண்டன் பிஷப் ஆனவர். ஷேக்ஸ்பியரில் பிழை, மில்டனில் பிழை என்று அடிக்குறிப்புகளில் எடுத்துப்போட்டார். இரண்டு எதிர்மறை சேர்ந்தால் உடன்பாடாகிவிடும் என்றார். பழைய கவிஞர்களான சாஸரும் ஷேக்ஸ்பியரும் எதிர்மறையை அழுத்திச் சொல்ல இரண்டு மூன்றை அடுக்கியவர்கள். அது காலப்போக்கில் பாமரர் பேச்சாகிப் போனது. ஆனால் முன்னிடைச் சொல் விஷயத்தில் லோத் அவ்வளவு கடுமையாக இல்லை. இது நம் மொழி மிகவும் நாடுகிற வழக்கு என்று ஒப்புக்கொள்கிறார். அதைச் சொல்லும் வாக்கியத்தையே 'டு'வில் முடிக்கிறார்! குறும்பா, கை தவறியதா, எப்படி வைத்துக்கொண்டாலும் எனக்கு அந்த மனிதரைப் பிடித்துப்போனது. அவருடைய சரக்கை நிறைய எடுத்துக்கொண்டு 1795-ல் லிண்ட்லி மர்ரே எழுதிய இலக்கணம்தான் அட்லாண்டிக்கின் இரண்டு கரைகளிலும் பள்ளிப்பிள்ளைகள் தலையில் ஏறியது.

இதற்கெல்லாம் மேலே, நான் ஏமாந்த இடம் 'தே'தான்.

'ஒவ்வொருவரும் தங்கள் புத்தகத்தைக் கொண்டு வரவேண்டும்' என்பதை ஆங்கிலத்தில் 'எவ்ரிஒன் ஷுட் பிரிங் தெயர் புக்' என்று யாராவது எழுதினால், 2003-ன் நான் விடமாட்டேன். 'எவ்ரிஒன்' ஒருமை, 'தெயர்' பன்மை. 'ஹிஸ் ஆர் ஹர்' என்று மாற்றுவேன். வாக்கியம் நொண்டும். நொண்டினாலும் சுத்தமாக நொண்டட்டும் என்பது என் கொள்கை. இந்த நாகரிகத் தவறு இப்போது வந்தது, பெண்ணியவாதிகள் கொண்டுவந்தது என்று ஒரு கூட்டத்தில் பேசியும் இருக்கிறேன். நினைத்தால் காது சூடாகிறது.

பதினான்காம் நூற்றாண்டிலேயே ஒருமைக்கு 'தே' எழுதியிருக்கிறார்கள். ஜேன் ஆஸ்டன் தாராளமாக எழுதியிருக்கிறார். ஆண்பால் 'ஹி' பெண்ணையும் குறிக்கும் என்று 1850-ல் பிரிட்டிஷ் நாடாளுமன்றம் தன் சட்டங்களுக்காக ஒரு சட்டமே போட்டது. நான் பழமை என்று நினைத்துக் காத்த விதிதான் புதுசு. நான் புதுமை என்று நினைத்து விரட்டியதுதான் பழசு.

'யூ'வின் கதை இன்னும் வேடிக்கை. அது பன்மைச் சொல், 'நீங்கள்' மாதிரி. ஒற்றை ஆளுக்கு 'தௌ' என்று வேறு சொல் இருந்தது. மரியாதைக்காக ஒருவரையும் 'யூ' என்று அழைக்கத் தொடங்கி, அது பரவி, 'தௌ' வழக்கொழிந்தது. இதை எதிர்த்துக் குவேக்கர் என்ற கிறிஸ்தவ சபையின் ஜார்ஜ் ஃபாக்ஸ் 1660-ல் தன் கூட்டாளிகளோடு சேர்ந்து ஒரு புத்தகமே போட்டார். ஒற்றை ஆளிடம் 'யூ' என்பவன் மரியாதை தெரியாதவன், மூடன் என்று திட்டி, பல மொழிகளிலிருந்து ஒருமை பன்மை உதாரணம் காட்டினார். இலக்கணப்படி அவர் சொன்னதில் ஓட்டை கிடையாது. ஆனாலும் தோற்றார். பதினெட்டாம் நூற்றாண்டில் ஆள் ஒன்றுதானே என்று 'யூ வாஸ்' என்று படித்தவர்களே எழுதினார்கள். அதை லோத் கடுமையாகக் கண்டித்தார். அதுவும் ஒடுங்கி, ஒற்றை ஆளுக்கும் 'யூ வேர்' என்று பன்மை வினையே நிலைத்தது. இன்று ஒற்றை ஆளுக்கு 'தே ஆர்' என்று சொல்வதைக் கேட்டு முகம் சுளிக்கிறவர், ஒரு நாளைக்கு நூறு தடவை 'யூ ஆர்' என்று சொல்கிறார்.

இதைப் படித்த அன்று ரயிலில் வீட்டுக்குப் போகும்போது ஜன்னலோரம் உட்கார்ந்து சிரித்தேன். ஏனென்றால் நான் தமிழன். 'மேனேஜர் வந்தாரா?' என்று தினமும் கேட்கிறவன். 'வந்தார்' பழைய தமிழில் பலர்பால். 'அவர்' என்றால் பல பேர். ஒற்றை மனிதரை மரியாதைக்காக 'அவர்' என்று சொல்லிச் சொல்லி, பன்மைக்குச் சொல் இல்லாமல் போய், 'அவர்கள்' என்று பன்மைக்கு மேல் இன்னொரு பன்மை ஒட்டினோம். அதுவும் போதாமல் மேடையில் 'தலைவர் அவர்கள்' என்று அதையும் ஒற்றை ஆளுக்கே கொடுத்துவிட்டோம். எனக்கு ஆங்கிலத்தில் மட்டும் என்ன கற்பு?

தொல்காப்பியர் இந்த விஷயத்தைச் சொல்லதிகாரத்தில் தொட்டிருக்கிறார். ஒருவரைப் பன்மையால் கூறுவது வழக்கில் வந்த உயர்சொல், இலக்கண நெறிப்படி அமைந்தது அல்ல என்கிறார். அவ்வளவுதான். திட்டவில்லை, மஞ்சள் அடிக்கவில்லை. நம் இலக்கணக்காரர்கள் சரி, தவறு என்ற இரண்டு பெட்டியோடு நிற்காமல் வழுவமைதி என்று மூன்றாவதாக ஒன்று வைத்திருந்தார்கள். தவறுதான், ஆனால் இருக்கட்டும் என்று உட்கார இடம் தரும் பெட்டி. ஆங்கில ஸ்டைல் கையேடுகளில் அப்படி ஒரு பெட்டி இல்லை. அதனால் ஒரு பதிப்பில் குற்றவாளியாக இருப்பது அடுத்த பதிப்பில் திடீரென்று மாப்பிள்ளையாகிவிடுகிறது. அமெரிக்கப் பதிப்பாளர்கள் பின்பற்றும் சிகாகோ கையேட்டின் 17-ஆம் பதிப்பு 2017-ல் வந்தது. அது, ஆள் இன்னார் என்று குறிப்பிடாத இடத்தில் 'தே' போடுவதைப் பேச்சிலும் சாதாரண எழுத்திலும் ஏற்றுக்கொண்டு, முறையான எழுத்துக்கு வேண்டாம் என்றது. 2019-ல் அமெரிக்க உளவியல் சங்கத்தின் கையேடு தாராளமாகப் போடு என்றது. 2024-ல் சிகாகோவும் முழுசாக இறங்கி வந்தது. 'ஈ-மெயில்' சிறுகோட்டை அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனத்தின் கையேடு 2011-ல் எடுத்தது, சிகாகோ 2017-ல். 'நம்புவோம்' என்ற பொருளில் வரும் 'ஹோப்ஃபுலி'யை அசோசியேட்டட் பிரஸ் 2012-ல் மன்னித்தது. ஒவ்வொரு மன்னிப்புக்கும் என் மேக்ரோவில் ஒரு மேற்கோள் குறி.

எல்லாச் சண்டையும் நினைவில் இருப்பதில்லை. 'தி ஹவுஸ் இஸ் பீயிங் பில்ட்', வீடு கட்டப்பட்டுக்கொண்டிருக்கிறது. இதில் யாருக்காவது குறை தெரிகிறதா? பதினெட்டாம் நூற்றாண்டில் 'தி ஹவுஸ் இஸ் பில்டிங்' என்றுதான் எழுதுவார்கள். 'இஸ் பீயிங்' புதுசு. 1795-ல் ராபர்ட் சதி என்ற ஆங்கிலக் கவிஞர், கடைவாய்ப்பல் வேரோடு பிடுங்கப்பட்டுக்கொண்டிருக்கும் ஒருவனைப் பற்றி ஒரு கடிதத்தில் இப்படி எழுதினார். தொடக்ககால உதாரணமாக எல்லோரும் காட்டுவது அந்தப் பல்லைத்தான். 1870-ல் நியூயார்க்கின் ரிச்சர்ட் கிராண்ட் வைட் இந்த அமைப்பைத் தாக்குவதற்கென்றே தன் புத்தகத்தில் ஓர் அத்தியாயம் ஒதுக்கினார். அவருக்கு மேக்ரோ எழுதத் தெரிந்திருந்தால் அதில் முதல் வரி இதுதான். இன்று என் மேசைக்கு வரும் ஒவ்வொரு கட்டுரையிலும் 'இஸ் பீயிங்' இருக்கிறது. ஒரு தடவைகூட என் கண் அதில் நின்றதில்லை.

அதற்காக நான் எல்லாவற்றையும் விட்டுவிட்டேன் என்று நினைக்க வேண்டாம். 'டிஸ்கஸ் அபௌட்' கண்டால் 'அபௌட்' போகும். 'டு தி நீட்ஃபுல்' ஒரு காலத்தில் பிரிட்டிஷ்காரர்களே எழுதியது, நமக்குத் தந்துவிட்டு அவர்கள் மறந்துவிட்டார்கள் என்று தெரியும். தெரிந்தும் அதைக் கட்டுரைகளில் வெட்டுகிறேன், என் மின்னஞ்சல்களில் போடுகிறேன். ஒருமை 'தே'வை மற்றவர்கள் எழுத்தில் தொடுவதில்லை. ஆனால் சொந்தமாக எழுதும்போது கை இன்னும் 'ஹி ஆர் ஷி'க்குத்தான் போகிறது. வாத்தியாரின் ஆற்றில் இன்னும் ஒரு ஆள் மூழ்கிக்கொண்டிருக்கிறான் போலிருக்கிறது.

சரி, மிச்சமிருக்கும் அந்த 41-ஆவது வரி. முற்றுப்புள்ளிக்குப் பிறகு இரண்டு இடைவெளி இருந்தால் ஒன்றாக்கு. இதற்கும் இலக்கணத்துக்கும் சம்பந்தமே இல்லை. எங்கள் ஊர் டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டில் லோயர் முடிக்கும்வரை, முற்றுப்புள்ளி போட்டதும் ஸ்பேஸ் பாரை இரண்டு தட்டுத் தட்ட வேண்டும் என்று எனக்குச் சொல்லித்தந்தார்கள். வேலைக்கு வந்த முதல் வாரமே அது தவறு என்றார்கள். 2009-ல் உளவியல்காரர்களின் கையேடு, வரைவுகளில் இரண்டு விடலாம் என்று பரிந்துரைத்தது. அதன்பின் எங்களுக்கு வந்த உளவியல் கட்டுரைகள் பல் விழுந்த வாய் மாதிரி வந்தன. 2019-ல் ஒன்று போதும் என்று மாற்றிக்கொண்டார்கள். 2020-ல் வேர்டே இரண்டு இடைவெளியைப் பிழை என்று கோடு போட்டுக் காட்டத் தொடங்கியது. ஆக, நான் காப்பாற்றி வந்த ஒரே விதி, நான் காசு கொடுத்துப் படித்ததற்கு எதிரானது.

புதுக் கணினிக்கு மேக்ரோவை அப்படியே கொண்டு வந்துவிட்டேன், வாயடைத்த 40 வரிகளோடு. இன்று காலை வந்த கட்டுரை ஒரு பெரியவருடையது போலிருக்கிறது. 312 இடத்தில் இரட்டை இடைவெளி. ஓட்டினேன். ஒரு நொடி ஆனது.